மணற்கடிகாரம் உடைந்து பிறந்தவை: காலப்பிழையில் உருவான ஜீவன்களை எப்படி எழுதுவது?

கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டுப் பதிலுக்கு வருகிறேன். உங்கள் கதையில் ஒரு மந்திரவாதி, இறந்துபோன தன் மகளின் கடைசி மாலைப்பொழுதைத் திரும்பக் கொண்டுவரப் பார்க்கிறான். பன்னிரண்டு மணற்கடிகாரங்களை வட்டமாக வைத்துச் சடங்கைத் தொடங்குகிறான், பாதியில் ஒன்று விரிசல் விட்டு மணல் கொட்டிவிடுகிறது. மகள் வரவில்லை. யாரும் கூப்பிடாத சில ஜீவன்கள் வந்து நிற்கின்றன. இவற்றுக்கு என்னென்ன சக்தி கொடுக்கலாம், எப்படி எழுதினால் இன்னொரு பேய்க்கதையாகப் போய்விடாது என்று கேட்டிருக்கிறீர்கள்.

சக்தியை அப்புறம் பார்க்கலாம். முதலில் எந்தக் கடிகாரம் உடைந்தது, சடங்கின் எந்த நொடியில் உடைந்தது, எவ்வளவு மணல் கொட்டியது என்பதை முடிவு செய்யுங்கள். ஏன் இவ்வளவு வலியுறுத்துகிறேன் என்றால், தவறிப் பிறந்த ஜீவனுக்கு அந்தத் தவறுதான் உடம்பு. பிழை எந்த இடத்தில் நடந்ததோ அங்கிருந்துதான் அதன் கை கால், பசி, பயம், ஆயுசு எல்லாம் வரவேண்டும். பிழைக்கும் ஜீவனுக்கும் சம்பந்தமே இல்லாமல் சிவந்த கண்ணும் நீண்ட நகமும் வைத்தால் அது எந்தக் கதையிலும் வரக்கூடிய ஜந்துவாக ஆகிவிடும், உங்கள் மந்திரவாதியின் சடங்கு வெறும் சாக்காகப் போய்விடும்.

இதற்கு நம்மிடமே ஒரு பழைய உதாரணம் இருக்கிறது, விருத்திரன் கதை. துவஷ்டாவின் மகன் விசுவரூபனை இந்திரன் கொன்றுவிடுகிறான். மகனை இழந்த கோபத்தில் துவஷ்டா யாகம் செய்கிறான், இந்திரனைக் கொல்ல ஒருவன் பிறக்க வேண்டும் என்று. மந்திரத்தில் ‘இந்திரசத்ரு’ என்ற சொல் வருகிறது. அதைக் கடைசி அசையில் அழுத்திச் சொன்னால் ‘இந்திரனைக் கொல்பவன்’ என்று பொருள், முதல் அசையில் அழுத்தினால் ‘இந்திரனால் கொல்லப்படுபவன்’ என்று பொருள். அழுத்தம் இடம் மாறிவிட்டது. தீயிலிருந்து விருத்திரன் எழுந்தான், பெரிதாக வளர்ந்தான், கடைசியில் இந்திரன் கையால் செத்தான். சமஸ்கிருத இலக்கண ஆசிரியர் பதஞ்சலி தன் மகாபாஷ்யத்தில், இலக்கணம் ஏன் படிக்க வேண்டும் என்று சொல்லும் இடத்திலேயே இந்தச் சொல்லை எடுத்துக்காட்டுகிறார். நமக்கு வேண்டியது வேறு: ஒரே ஒரு அசையில் நடந்த பிழை, அவன் பிறந்த கணத்திலேயே அவன் சாவாக அவனுக்குள் உட்கார்ந்துவிட்டது. அவன் செய்த குற்றம் அதில் எதுவும் இல்லை. இதே மாதிரி உங்கள் ஒவ்வொரு ஜீவனுக்கும் ‘இவன் உடம்பில் எந்த அசை தவறியது’ என்று ஒரு வரியில் சொல்ல முடியவேண்டும்.

காலம் உடம்பில் எப்படித் தங்கும் என்பதற்கும் புராணத்திலேயே வழி இருக்கிறது. ககுத்மி என்ற அரசன் தன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போகிறான், அங்கே பாட்டு நடந்துகொண்டிருக்கிறது, கொஞ்ச நேரம் காத்திருக்கிறான். அதற்குள் பூமியில் 27 சதுர்யுகங்கள் ஓடிவிடுகின்றன. ஒரு சதுர்யுகம் 43,20,000 ஆண்டு என்று வைத்தால் 11 கோடி ஆண்டுக்கு மேல். எனக்குப் பிடித்தது அந்த எண் அல்ல, திரும்பி வந்த ரேவதி மற்றவர்களைவிட மிக உயரமாக இருந்தாள் என்ற விவரம். அவள் பழைய யுகத்து அளவில் பிறந்தவள். பலராமன் கலப்பையின் நுனியால் அவளை அழுத்தி இந்தக் காலத்து உயரத்துக்குக் கொண்டுவந்து மணக்கிறான். யுகவேறுபாட்டை ஒரு பெண்ணின் உயரத்தில் காட்டிவிட்டார்கள். முசுகுந்தன் கதையிலும் அப்படித்தான், குகையில் நெடுங்காலம் தூங்கி எழுந்து வெளியே வந்தவன் மனிதர்களும் மரங்களும் சிறுத்திருப்பதைப் பார்த்துத்தான் யுகம் மாறியதைப் புரிந்துகொள்கிறான்.

சரி, இப்போது உங்கள் மணலுக்கு வருவோம். காலச் சடங்கு கெட்டால் மூன்று நான்கு விதமாகத்தான் கெட முடியும்: காலம் வேகமாக ஓடலாம், மெதுவாக ஓடலாம், பின்னால் ஓடலாம், ஒரே கணம் இரண்டாகப் பிரியலாம். இதில் எதைத் தேர்ந்தெடுத்தாலும் கணக்குப் போட்டுப் பாருங்கள். பெரிய கணிதம் வேண்டாம், பெருக்கலும் வகுத்தலும் போதும். பல வருடங்களுக்கு முன்னால் நான் எழுதிய ஒரு கதையில், காலத்தை நிறுத்திவிட்டு நடமாடும் ஜீவன்கள் இருந்தன. படித்த ஒருவர் ஒரே கேள்விதான் கேட்டார்: காலம் நின்றுவிட்டால் வெளிச்சமும் நின்றுவிடுமே, அவை எதைக் கொண்டு பார்க்கின்றன? என்னிடம் பதில் இல்லை. அந்தக் கேள்வியோடு உட்கார்ந்தபோதுதான் அந்தக் கதைக்குள் என்னென்ன இருந்தது என்றே எனக்குத் தெரிந்தது.

கொட்டிய மணலிலிருந்து பிறந்தது ஒன்று என்று வைத்துக்கொள்வோம், மணல் ஒரேயடியாகக் கொட்டியதால் அதன் காலம் நம்மைவிட 100 மடங்கு வேகம். நமக்கு ஒரு வினாடி, அதற்கு 100 வினாடி. உடனே ‘மின்னல் வேகத்தில் பாயும், யாராலும் பிடிக்க முடியாது’ என்று எழுதத் தோன்றும். கொஞ்சம் பொறுங்கள். ஒரு மீட்டர் உயரத்திலிருந்து ஒரு பொருள் விழ நமக்கு 0.45 வினாடி ஆகிறது, அதற்கு 45 வினாடி. ஒரு அடி எடுத்து வைக்கத் தரையை உதைத்தால் உடம்பு மேலே எழும், திரும்பித் தரைக்கு வரவே வராது போலிருக்கும். ஆகவே அதனால் நம்மைப் போல நடக்க முடியாது. சுவரையும் தூணையும் பிடித்துப் பிடித்துத்தான் நகரவேண்டும். அதன் விரல்கள் நீண்டு கொக்கி போல வளைந்திருப்பதற்கு இப்போது காரணம் கிடைத்துவிட்டது, பயமுறுத்துவதற்காக வைத்த நகம் இல்லை அது.

அடுத்து வெளிச்சம். 100 மடங்கு வேகமான கண்ணுக்கு விளக்கொளியின் அலைகள் 100 மடங்கு மெதுவாக வந்து சேரும். சிவப்பையும் தாண்டி, நம் கண் போன்ற கண் எதுவும் உணராத இடத்துக்கு அவை போய்விடும். எரியும் விளக்குகளுக்கு நடுவில் அது கும்மிருட்டில் இருக்கிறது. ஒலியும் இப்படித்தான். 440 ஹெர்ட்ஸில், அதாவது வினாடிக்கு 440 அதிர்வில், ஒருவர் பாடினால் அதற்கு 4.4 ஹெர்ட்ஸாக வந்து சேரும், 20 ஹெர்ட்ஸுக்குக் கீழே மனிதக் காதுக்குச் சத்தமே இல்லை. மந்திரவாதி எவ்வளவு கத்தினாலும் அதற்குக் கேட்காது.

ஆனால் வௌவால் கத்துவது கேட்கும்! பல வௌவால்களின் கூச்சல் 40,000 ஹெர்ட்ஸ் அளவில் இருக்கிறது, நமக்கு எட்டாத உயரம். அந்த ஜீவனுக்கு அது 400 ஹெர்ட்ஸ், கிட்டத்தட்ட ஒரு பெண்ணோ குழந்தையோ கூப்பிடுகிற குரலின் உயரம். ஐந்து மில்லிவினாடி நீளும் ஒரு கூச்சல் அதற்கு அரை வினாடி நீளம், அதாவது ஒரு சொல்லின் நீளம். இந்த இடத்தில் சற்று நின்று பாருங்கள். மந்திரவாதி சடங்கு செய்த கோபுரத்தில் பிறந்த ஒரு ஜீவன், பெற்றவன் பக்கத்திலேயே நின்று அழுதும் அவன் குரல் கேட்காமல், கூரையில் தொங்கும் வௌவால்களைத் தன் இனம் என்று நினைத்துக்கொண்டு இருட்டில் அவற்றை நோக்கி ஏறுகிறது. இதை யாரும் கற்பனையில் இழுத்துக்கொண்டு வரவில்லை, 100 என்ற எண்ணைப் பிடித்துக்கொண்டு போனதும் தானாக வந்து சேர்ந்த காட்சி.

அது மனிதரைத் தொட நினைத்தால்? அதன் சாதாரணக் கையசைப்பு வினாடிக்கு ஒரு மீட்டர் என்றால் நம் கணக்கில் அது வினாடிக்கு 100 மீட்டர், தொட்ட கன்னம் உடைந்துவிடும். முதல் தடவை அப்படித்தான் நடக்கும், மந்திரவாதியின் உதவியாளன் ஒருவன் செத்தே போகலாம், எல்லோரும் அதை அரக்கன் என்பார்கள். பிறகு அது கற்றுக்கொள்ளும். ஒரு முழம் தூரத்தில் இருக்கும் முகத்தைத் தொட, தன் கணக்கில் ஏழெட்டு நிமிடம் கையை இம்மி இம்மியாக நகர்த்தும். மந்திரவாதிக்கு அது நான்கைந்து வினாடி, ஏதோ கன்னத்தில் பட்டது போலிருக்கும், திரும்பிப் பார்ப்பதற்குள் அது போய்விட்டிருக்கும். பசிக்கும் கணக்கு உண்டு. நம்மைப் போல நாளுக்கு மூன்று வேளை சாப்பிட வேண்டுமென்றால் நம் கடிகாரத்தில் ஐந்து நிமிடத்துக்கு ஒரு வேளை. ஆயுசு 70 என்றால் நம் எட்டரை மாதத்தில் அது கிழடாகிச் செத்துவிடும். உங்கள் கதை ஒரு வருடம் நடப்பதாக இருந்தால் அதற்குள் மூன்று தலைமுறை வந்துபோகும், மூன்றாவது தலைமுறைக்கு அந்தச் சடங்கு வெறும் புராணம். அந்தப் புராணத்தில் மந்திரவாதி யார், அசையாமல் நிற்கும் ஒரு கடவுளா?

இதன் எதிர்ப்பக்கம், அடைத்துக்கொண்ட கடிகாரத்திலிருந்து பிறந்த மெதுவான ஜீவன். அதுவும் 100 மடங்கு. நம் ஒரு நாள் அதற்குக் கால் மணி நேரம்கூட இல்லை, சரியாகச் சொன்னால் 14.4 நிமிடம். சூரியன் ஏழு நிமிடத்தில் வானத்தைக் கடந்துவிடும். கீழே விழுந்தால் விழுகிறோம் என்று தெரிவதற்குள் விழுந்து முடித்திருக்கும், ஆகவே அது நின்று பார்க்காது, அகலமாகத் தரையில் பரவி உட்கார்ந்திருக்கும். ஊர்க்காரர்கள் பாறை என்று நினைத்து அதன்மேல் ஏறி உட்காருவார்கள். யாராவது உளி வைத்து உடைக்கலாம், அது மூன்று வினாடி அலறும், அந்த அலறல் நமக்கு ஐந்து நிமிடம் நீளும், அதுவும் காதில் விழாத அளவுக்குத் தாழ்ந்த அதிர்வாக. கதவுகள் லேசாக நடுங்கும், நாய்கள் எழுந்து நிற்கும், யாருக்கும் காரணம் புரியாது.

மனிதர்கள் அதன் கண்ணுக்கு எப்படித் தெரிவார்கள் என்று யோசித்தபோது எனக்கே உடம்பு சிலிர்த்தது. நடமாடுபவர்கள் புகை மாதிரிக் கலைந்துவிடுவார்கள். அசையாமல் இருப்பவர்கள் மட்டும்தான் தெரிவார்கள், அதாவது தூங்குபவர்களும் செத்தவர்களும். எட்டு மணி நேரம் தூங்கும் மந்திரவாதியை அது ஐந்து நிமிடம் பார்க்கிறது, நடுவில் அவன் புரண்டு படுப்பது ஒரு வெட்டு வெட்டினாற்போல இருக்கும். அவன் விழித்த முகத்தை அது பார்த்ததே இல்லை.

பின்னோக்கி வாழும் ஜீவனைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் அதை நான் பெரும்பாலும் வேண்டாம் என்றே சொல்வேன். உடைந்த கோப்பை தானாக ஒட்டாது, சூடான நீர் தானாக ஆறும், இந்த ஒருவழித்தனத்தைத்தான் இயற்பியலாளர் எடிங்டன் 1928இல் வெளியான தன் புத்தகத்தில் ‘காலத்தின் அம்பு’ என்றார். அம்பைத் திருப்பினால் சாப்பாடு, காயம், மூச்சு, நினைவு எல்லாமே திரும்பும், ஒரு உரையாடலைக்கூட நேராக எழுத முடியாமல் கை கட்டிக்கொள்ளும். ஆசை இருந்தால் ஒரே ஒரு ஜீவனை, ஒரே ஒரு அத்தியாயத்தில் வையுங்கள். பிரியும்போது வணக்கம் சொல்கிற, முதல் சந்திப்பிலேயே உங்களுக்காக அழுகிற ஒன்று. அதற்கு மேல் நீட்டினால் வாசகர் புதிரை அவிழ்க்கத் தொடங்கிவிடுவார், அந்த ஜீவனைப் பற்றிக் கவலைப்பட மாட்டார்.

சடங்கு ஏன் கெட்டது என்பதற்கும் கொஞ்சம் அடிப்படை இருந்தால் நல்லது. ஸ்டீஃபன் ஹாக்கிங் 1992இல் ஒரு கருத்தை முன்வைத்தார்: கடந்த காலத்துக்குத் திரும்பும் வளையம் உருவாகப் போனால் இயற்கையின் விதிகளே அதைத் தடுத்துவிடும் என்று. நிரூபிக்கப்பட்டது இல்லை, ஊகம்தான், ஆனால் மாயக்கதைக்கு அருமையான எலும்புக்கூடு. மந்திரவாதி சோம்பேறியாகவோ முட்டாளாகவோ இருக்க வேண்டியதில்லை. அவன் எல்லாவற்றையும் சரியாகச் செய்தும், உலகமே அந்த வளையம் மூடுவதற்கு முன் ஒரு கண்ணாடியை உடைத்திருக்கலாம். இடத்தையும் மறக்க வேண்டாம். பூமி சூரியனைச் சுற்றி ஒரு மணி நேரத்தில் ஏறத்தாழ 1,07,000 கிலோமீட்டர் நகர்கிறது, போன மாலையைக் கொண்டுவர வேண்டுமானால் அது நடந்த இடத்தையும் எதையாவது கொண்டு கட்டிப்போட வேண்டும். அந்த மாலையில் மகள் விளையாடிய மணல்தான் கடிகாரங்களில் இருக்கிறது என்று வையுங்களேன், கட்டும் கயிறு கிடைத்துவிட்டது. கயிறு அறுந்த இடத்தில் பிறந்தது சுவருக்குள் பாதி, வெளியே பாதியாகப் பிறக்கும்.

அப்புறம் இவற்றின் மனம். தன்னுடைய காலம்தான் தவறு என்று எந்த ஜீவனும் நினைக்காது. மிஷேல் சிஃப்ர் என்ற பிரெஞ்சு ஆய்வாளர் 1962இல் ஆல்ப்ஸ் மலைக் குகை ஒன்றில் கடிகாரமும் சூரிய வெளிச்சமும் இல்லாமல் இரண்டு மாதம் தனியாக இருந்தார். செப்டம்பர் 14 அன்று வெளியே அழைத்தபோது அவர் கணக்கில் அன்று ஆகஸ்ட் 20. வினாடிக்கு ஒன்றாக 120 வரை எண்ணச் சொன்னால் எண்ணி முடிக்க ஐந்து நிமிடம் எடுத்துக்கொண்டார், தான் சரியாக எண்ணுவதாகத்தான் நினைத்துக்கொண்டிருந்தார். நல்ல மூளையுள்ள ஒரு மனிதருக்கே இப்படி. உங்கள் ஜீவனின் பார்வையில் அது இயல்பாக இருக்கிறது, உலகம்தான் உறைந்து கிடக்கிறது அல்லது கொதித்துக்கொண்டிருக்கிறது. அதன் வாயிலிருந்து ‘நான் ஒரு பிழை’ என்ற வசனம் வரக்கூடாது. அந்தச் சொல்லை மந்திரவாதி சொல்லட்டும், ஏதோ ஒரு நாள் அதற்குப் புரியட்டும்.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்கிறேன், எனக்கு இதுதான் முக்கியம். இந்தமாதிரிக் கதைகள் பெரும்பாலும் ஒரே மாதிரி முடிகின்றன, தவறிய சடங்கைத் திரும்பச் சரியாகச் செய்வார்கள், ஜீவன்கள் எல்லாம் மறைந்துபோகும், எல்லோரும் மூச்சு விடுவார்கள். தயவுசெய்து அப்படி எளிதாக முடிக்காதீர்கள். அவை பிறந்துவிட்டன, பசித்திருக்கின்றன, வௌவாலின் குரலைக் கேட்டு மகிழ்ந்திருக்கின்றன. சடங்கைச் சரிசெய்வது என்றால் அத்தனை பேரையும் பிறக்காதவர்களாக ஆக்குவது. அது கொலையைவிடப் பெரியதா சின்னதா என்று உங்கள் மந்திரவாதி ஒரு இரவாவது தூங்காமல் யோசிக்க வேண்டும். அவனும் கெட்டவன் இல்லை, ஒரு தகப்பன்.

ஒரு யோசனை, பிடித்தால் எடுத்துக்கொள்ளுங்கள். அந்த மாலைப்பொழுது முழுசாக வரவில்லையே தவிர, துண்டு துண்டாக வந்திருக்கிறது. ஒவ்வொரு ஜீவனுக்குள்ளும் அதில் ஒரு துண்டு இருக்கட்டும். வேகமானதற்கு மகள் ஓடிய ஓட்டம் தெரியும், மெதுவானதற்கு அவள் கடைசியாகத் தூங்கிய முகம் தெரியும், சுவரில் பாதியாக இருப்பதற்கு அவள் பாடிய பாட்டின் ஒரு வரி தெரியும், பொருள் தெரியாமல் அதைத் திரும்பத் திரும்பச் சொல்லும். மந்திரவாதி இதைக் கண்டுபிடிப்பது கதையின் பாதிக்குப் பிறகு இருக்கட்டும். அதுவரை அவன் அவற்றை வெறுத்திருக்க வேண்டும், விரட்டியிருக்க வேண்டும், உளியை எடுத்துக் கொடுத்தவனே அவனாக இருந்தாலும் நல்லது.

உடைந்த கடிகாரத்தை அவன் ஒட்டி முடிக்கும் இரவை எழுதும்போது இந்த ஒன்றைச் செய்து பாருங்கள். மற்ற பதினொன்றும் தயாராக இருக்கின்றன. மணலைத் தரையிலிருந்து கூட்டி அள்ளுகிறான், கடைசிப் பிடி அவன் உள்ளங்கையில் இருக்கிறது. அப்போது கன்னத்தில் ஏதோ ஒன்று, நான்கைந்து வினாடிக்கு, மிகவும் மெதுவாகப் படுகிறது. இந்தத் தடவை அவன் திரும்பிப் பார்க்காமல், தலையை அசைக்காமல், அப்படியே இருக்கிறான். அவன் கையிலிருக்கும் மணலை என்ன செய்வான் என்பதை அதற்கு முன்னாலேயே முடிவு செய்து வைக்காதீர்கள்.